சிவசம்புவின் குண்டுக் கொப்பி

அந்தக் கொப்பி தலையணை உறைக்குள் இருந்தது. செவ்வாய்க்கிழமை காலை, துணி ஊறப்போடுவதற்காகத் தம்பியின் தலையணை உறையைக் கழற்றியபோது நேசம்மாவின் கையில் கட்டையாக ஏதோ தட்டுப்பட்டது. எடுத்துப் பார்த்தாள். பள்ளிப் பிள்ளைகள் வைத்திருக்கும் நீல அட்டைக் கொப்பி. யாரோ ஒரு பெண்ணுக்குக் கடிதம் எழுதிப் பழகுகிறான் என்றுதான் முதலில் நினைத்தாள். கொஞ்சம் சந்தோஷம்கூடப் பட்டாள். முப்பது வயதாகப் போகிறவன், இனியாவது ஒன்றைப் பார்த்து முடித்துக்கொண்டால் நல்லதுதானே என்று ஈரக் கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு திறந்தாள்.

முதல் பக்கத்தில் ஒரு வரைபடம். ஒரு தெரு, அதிலிருந்து பிரியும் சந்து, மதில், மாடிப்படி, இரட்டைக் கதவு போட்ட ஒரு வளைவு வாசல். எல்லாம் அளவுகோல் பிடித்துக் கீறியது. சிவசம்பு நில அளவையாளர் அலுவலகத்தில் படம் கீறுகிறவன். அவன் கை நேசம்மாவுக்குத் தெரியாதா. படத்துக்குக் கீழே சின்னச் சின்ன எழுத்தில், தமிழில் எழுதியிருந்தான்.

“ஒன்று. கிணற்றுக் கட்டின் இடது மூலையில் முதுகு ஒட்ட நில். எதிர் மாடியின் மூன்றாம் ஜன்னல், மேல் சட்டம். அதற்கு ஒரு விரல் மேலே பார். எறி. குண்டு மதிலில் பட்டு வாசலுக்குள் விழும். வாசலில் நிற்பவன் தப்ப மாட்டான்.”

நேசம்மா அப்படியே குளியலறைத் தரையில் உட்கார்ந்துவிட்டாள். குழாய் திறந்தபடி ஓடியது.

இரண்டாம் பக்கம், மூன்றாம் பக்கம், எல்லாம் அப்படியே. எங்கே நிற்க வேண்டும், எதைப் பார்க்க வேண்டும், எத்தனை விநாடி பிடித்துக்கொண்டு விட வேண்டும், எங்கே விழும், யார் சாவான். மொத்தம் நாற்பத்தொரு எறி. சில இடங்களில் முதலில் எழுதியதை வெட்டித் திருத்தியிருந்தான். “மூன்று விநாடி தவறு. இரண்டரை.” கடைசிப் பக்கத்தில் படமில்லை, மூன்று வரிதான். “ஞாயிறு. சுபாங் ஜெயா. காலை பத்து. ஐந்து பேர். இந்தத் தடவை பிழைக்கக் கூடாது.”

அது தொண்ணூற்றொன்பதாம் ஆண்டு நவம்பர் மாதம். அந்த ஞாயிறு வர இன்னும் ஐந்து நாள் இருந்தது.

நேசம்மா பயந்தவள் என்று கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் தெரியாதவர்கள் குறைவு. கிள்ளான் ரயில்வேயில் குமாஸ்தாவாக இருந்த கனகலிங்கத்தின் மூத்த மகள். கனகலிங்கம் அதிகம் பேசாத மனிதர். பேச்சும் பயமும் பிள்ளைக்குத் தாய் வழியில் வந்தது. அறுபத்தொன்பதில் கலவரம் வந்து ஊரடங்கு போட்டபோது இவளுக்குப் பதினைந்து வயது. தாய் மெத்தையைத் தூக்கி ஜன்னலில் சாத்தி வைத்துவிட்டு, இவளைக் கட்டிலுக்குக் கீழே நான்கு நாள் படுக்க வைத்தாள். வெளியே என்ன நடந்தது என்று இவள் ஒன்றும் பார்க்கவில்லை. பார்க்காததுதான் பிசகு. பார்க்காததெல்லாம் மனதுக்குள் பெரிதாக வளர்ந்துவிட்டது. அதன் பிறகு தீபாவளி வெடிக்கும் பயம், இடிக்கும் பயம், தபால்காரன் நேரம் தவறி வந்தாலும் பயம். படுக்கப்போகும் முன் வாசல் தாழ்ப்பாளை மூன்று தரம் தொட்டுப் பார்ப்பாள். ஸ்டேஷன் புதிதாகக் கட்டுகிறோம் என்று அந்த ஆண்டெல்லாம் பக்கத்து நிலத்தில் இரும்புத் தூண் அடித்துக்கொண்டிருந்தார்கள். ஒவ்வொரு அடிக்கும் இவள் ஒரு தரம் தோளைக் குலுக்குவாள்.

எழுபத்தாறில் தாய் போய்விட்டாள். அப்போது சிவசம்புவுக்கு ஆறு வயது. அடுத்த வருஷம் காப்பாரிலிருந்து ஒரு நல்ல இடம் வந்தது, தோட்டத்தில் கணக்கெழுதும் கிராணி, நல்ல குணம். “தம்பியையும் கூட்டிக்கொண்டுதான் வருவன்” என்று இவள் சொன்னாள். அவர்கள் யோசித்துச் சொல்வதாகச் சொன்னார்கள். இன்னும் யோசித்துக்கொண்டிருக்கிறார்கள். நேசம்மா தட்டச்சுப் படித்து அரசாங்க அலுவலகத்தில் சேர்ந்தாள், அந்த உத்தியோகத்துக்கு நூறு வீட்டு வரிசையில் ஒரு குவார்ட்டர்ஸ் கிடைத்தது, தகப்பனும் அதே வீட்டில் காலமானார். பிறகு அக்காவும் தம்பியும்தான். அவளுக்கு இருப்பது இவன் ஒருவன்.

கொப்பியைப் பார்த்ததும் நேசம்மாவுக்கு மார்க்கிரட்டின் கடிதம்தான் நினைவுக்கு வந்தது.

மார்க்கிரட் யார் என்றால், நேசம்மாவின் சின்னம்மா யாழ்ப்பாணத்தில் இளவாலையில் ஒரு கிறிஸ்தவ வேதக்காரரை மணம் முடித்தவள், அவளுடைய மகள். இருவரும் நேரில் பார்த்தது ஒரே ஒரு தரம். ஆனால் கடிதம் போகும் வரும். மார்க்கிரட்டின் மகன் ஜெயசீலன், நேசம்மாவுக்குப் பெறாமகன், எண்பத்தாறில் ஒரு நாள் ரியூசனுக்குப் போகிறேன் என்று சைக்கிளில் போனவன் திரும்பி வரவில்லை. இயக்கத்துக்குப் போய்விட்டான். இரண்டு வருஷம் கழித்து ஆள் இல்லை என்று செய்தி மட்டும் வந்தது. மார்க்கிரட் எழுதியிருந்தாள்: “அக்கா, அவன் போகிறதுக்கு முதல் கிழமை மேசையில் ஒரு கொப்பி கிடந்தது. அதில் சந்திகளும் வீதிகளும் கீறி வைத்திருந்தான். நான் பார்த்தேன். பார்த்தும் பேசாமல் மூடி வைத்துவிட்டேன். கேட்டிருக்கலாம்.”

அந்தக் கடிதத்துக்கு நேசம்மா பதில் எழுதவே இல்லை. என்ன எழுதுவது.

இப்போது அதே மாதிரி ஒரு கொப்பி இவள் மடியில் கிடந்தது.

யோசிக்க யோசிக்க எல்லாம் பொருந்தி வந்தது. மூன்று மாதமாகச் சிவசம்பு வேலை முடிந்து நேரே வீட்டுக்கு வருவதில்லை. சனிக்கிழமைகளில் காலையிலேயே காணாமல் போய்விடுவான். சோறு தின்னும்போது இடது கை விரல்கள் மேசையில் தாளம் போட்டுக்கொண்டே இருக்கும், என்ன பாட்டு என்று கேட்டால் திடுக்கிட்டு நிறுத்துவான். போன வாரம் தொலைபேசியில் யாரிடமோ சொன்னது அவள் காதிலேயே விழுந்தது. “வாசு முதல்ல வெளிச்சம் போடட்டும். அவனுங்க கண்ணு தெரியாம நிக்கிற நேரத்துல நான் உள்ள எறியிறேன். கதவுப் பக்கம் மூணு பேர் இருப்பானுங்க, மூணு பேரும் போயிடுவானுங்க.” அப்போது அது ஏதோ ஆபீஸ் விஷயம் என்று இருந்துவிட்டாள். என்ன ஆபீஸில் அப்படி மூன்று பேரைப் போக வைப்பார்கள்.

ஆங்கிலத்தில் எழுதிப் பழகிய கை, ஏன் தமிழில் எழுத வேண்டும்? அலுவலகத்தில் முதலாளி சீனர், கூட இருப்பவர்களும் சீனர், மலாய்க்காரர். அவர்களுக்கு விளங்கக் கூடாது என்றுதானே.

அவள் கொப்பியை இருந்த இடத்திலேயே வைத்தாள். சிவசம்பு ஏழு மணிக்குப் புறப்படுவான், அவளுக்கு ஏழே முக்காலுக்குப் பஸ். அந்த முக்கால் மணி நேரம் புதன், வியாழன் இரண்டு நாளும் கதவைச் சாத்திக்கொண்டு கொப்பியைப் படித்தாள். படிக்க வேண்டும் என்று ஆசையா. அந்த இடம் எது என்று கண்டுபிடித்துவிட்டால் எதையாவது தடுக்கலாம் என்று ஒரு எண்ணம். வளைவு வாசல், இரட்டைக் கதவு, கிணறு, பதினோரு படி, படிக்கு மேலே மரப்பெட்டிகள். சுபாங் ஜெயா பக்கத்தில் எழும்பிய புது ஊர், அங்கே கிணறும் வளைவும் ஏது, இடம் கோலாலம்பூரில்தான் இருக்க வேண்டும். புதன்கிழமை மத்தியானம் சாப்பாட்டு நேரத்தில் பழைய ரயில் நிலையத்துக்குப் போய் வளைவுகளை எண்ணினாள். படிகளையும் எண்ணினாள். பதினோரு படி எங்கும் இல்லை. வியாழக்கிழமை பாசார் சந்தையின் பின்பக்கம் போனாள். மரப்பெட்டி நிறைய இருந்தது, கிணறு இல்லை. ஒரு லோரிக்காரன் “என்னா அக்கா தேடுறீங்க?” என்று கேட்டதற்கு, “கிணறு” என்று உண்மையைச் சொல்லிவிட்டு, அதற்கும் பயந்து வேகமாக நடந்து வந்துவிட்டாள்.

போலீசுக்குச் சொல்லலாமா என்றால், சொன்னால் பிடித்துக்கொண்டு போய் விசாரணை இல்லாமலே உள்ளே வைத்துவிடுவார்கள். சொல்லாவிட்டால் ஞாயிற்றுக்கிழமை. யாரிடம் போய் என்னவென்று கேட்பது. நேரே அவனிடமே கேட்கலாம். வியாழக்கிழமை சாப்பாட்டின்போது வாயைத் திறந்தாள்.

“தம்பி.”

“என்னக்கா?”

“ஞாயிற்றுக்கிழமை கோயிலுக்கு வாறியோ? கந்தசாமி கோயிலிலை அபிஷேகம்.”

“ஞாயிறு ஏலாதக்கா. ஓவர்டைம் இருக்கு.”

“எங்கை?”

“சுபாங் ஜெயாவிலை ஒரு சைட்” என்று சொன்னான், முகத்தைப் பார்க்காமல். அவன் பொய் சொல்லும்போது குழம்பை ஊற்றிக்கொண்டே இருப்பான், சின்ன வயதிலிருந்தே அப்படித்தான். சோறு குழம்பில் மிதந்தது.

அன்றைக்கே அவனுடைய பாஸ்போர்ட்டை எடுத்து அரிசி டின்னுக்குள் ஆழப் புதைத்தாள்.

வெள்ளிக்கிழமை காலை அவன் போனதும் ஒரு முடிவுக்கு வந்தாள். கொப்பி இல்லாவிட்டால் எப்படி எறிவார்கள்? எரிக்கலாம் என்றால் வரிசை வீடு, புகை பக்கத்து வீட்டுக்குப் போகும், இராஜம்மா எட்டிப்பார்த்து என்ன என்று கேட்பாள். கிழித்துக் குப்பையில் போட்டால் குப்பைக்காரன் எடுப்பான். நேசம்மா பெரிய பேசினில் சுடுதண்ணீர் ஊற்றி, சலவைத்தூள் இரண்டு கை அள்ளிப் போட்டு, தாள் தாளாகக் கிழித்து ஊறவைத்தாள். மை நீலமாகக் கரைந்து வந்தது. தாளைத் துணி கசக்குவதுபோல் கசக்கினாள். எல்லாம் மாவாகிப் போனது. மாவை உருட்டிப் பிழிந்து, மூன்று பொட்டலமாகக் கட்டி, பஸ்ஸுக்குப் போகும் வழியில் மூன்று வேறு வேறு சாக்கடையில் போட்டாள். அலுவலகத்துக்கு அன்று முதல் தடவையாகப் பிந்திப் போனாள்.

தலையணைக்குள் ஒன்றும் இல்லாவிட்டால் இரவே கண்டுபிடித்துவிடுவானே. தன்னுடைய தேவாரக் கொப்பி அதே அளவு, அதே நீல அட்டை. அதை உள்ளே வைத்து உறையை மாட்டினாள்.

சனிக்கிழமை காலை ஒன்பது மணிக்குச் சிவசம்பு தலையணைக்குள் கையை விட்டு, எடுத்ததைப் பார்க்காமல் பைக்குள் திணித்துக்கொண்டு, “போட்டு வாறன் அக்கா” என்றான். அவன் சந்தி திரும்பும்வரை காத்திருந்து, நேசம்மா கைப்பையை எடுத்துக்கொண்டு பின்னாலேயே போனாள். கைப்பைக்குள் அம்மாவின் படம் இருந்தது. இவனை ஆட்டி வைக்கிற பெரிய ஆள் எவனாக இருந்தாலும் காலில் விழுந்து படத்தைக் காட்டிக் கேட்பது என்று இருந்தாள்.

அவன் கடைத் தெருவுக்குள் போனான். பூக்கடையைத் தாண்டினான். ஒரு கறிச்சாப்பாட்டுக் கடைக்குப் பக்கத்தில் இருந்த ஒடுங்கிய படிக்கட்டில் ஏறி மறைந்தான். நேசம்மா கீழே நின்றாள். ஸ்டேஷன் பக்கம் தூண் அடிக்கும் சத்தம் ஒரு தரம் கேட்டது. அது அடங்கியதும் மேலேயிருந்து துப்பாக்கிச் சத்தம் கேட்டது.

பொய்யில்லை. பட பட படவென்று, நெருக்கமாக. பிறகு ஒரு குண்டு. பிறகு ஒரு மனிதக் குரல், “செத்தான், ஒருத்தன் செத்தான், மத்தவன் படிக்குக் கீழ ஒளிஞ்சிருக்கான்.”

சாப்பாட்டுக் கடையில் உட்கார்ந்திருந்தவர்கள் ஒருவரும் தலை நிமிரவில்லை. ரொட்டியைப் பிய்த்துத் தின்றுகொண்டே இருந்தார்கள். இதுதான் நேசம்மாவை எல்லாவற்றையும்விடப் பயமுறுத்தியது. ஊரே உடந்தையா?

எப்படி ஏறினாள் என்று அவளால் பிறகும் சொல்ல முடிந்ததில்லை. சுவரைப் பிடித்துக்கொண்டு, ஒவ்வொரு படிக்கும் ஒரு முருகா சொல்லி ஏறினாள். மேலே ஒரு கண்ணாடிக் கதவு, உள்ளே கறுப்புத் தாள் ஒட்டியிருந்தது. தள்ளினாள். குளிர் முகத்தில் அடித்தது. இருட்டுக்குள் வரிசையாக டிவி மாதிரி வெளிச்சங்கள். வாசலில் மேசை போட்டு, தாடி வைத்த பெரிய உருவம் ஒன்று உட்கார்ந்து தேநீரை ஆற்றிக்கொண்டிருந்தது. இவன்தான் என்று நேசம்மா முடிவு செய்தாள். படத்தை எடுக்க மறந்துபோனாள்.

“ஐயா, என்ரை தம்பியை விட்டுடுங்கோ. எனக்கு அவன் ஒருத்தன்தான்.”

அந்த ஆள் நிமிர்ந்து பார்த்தான். அவன் பெயர் நசீருதீன். கீழே இருக்கும் சாப்பாட்டுக் கடை அவன் அண்ணனுடையது.

“யாரு அக்கா? சம்பு அண்ணனா? மூணு மணி நேரம் புக் பண்ணியிருக்காரு. இப்பதான் உக்காந்தாரு லா.”

“விட்டுடுங்கோ. அவன் ஒண்டும் தெரியாதவன்.”

“ஒண்ணும் தெரியாதவரா? அக்கா, இந்தக் கடையிலேயே குண்டு எறியிறதுல அவர்தான் பெரிய கை. வாங்க, வந்து நீங்களே பாருங்க. ஷூவை மட்டும் அங்க கழட்டுங்க.”

நேசம்மா செருப்பைக் கழற்றினாள். கடைசி வரிசையில் தம்பியின் முதுகு தெரிந்தது. காதில் பெரிய கறுப்புக் கேட்பான் போட்டிருந்தான், இவள் வந்தது தெரியவில்லை. அவன் முன்னால் இருந்த பெட்டிக்குள் ஒரு தெரு இருந்தது. ஆளே இல்லாத மண் நிறத் தெரு. ஒரு கிணறு. கிணற்றுக்குப் பின்னால் ஒரு மாடி, மாடியில் ஜன்னல்கள். வளைவு வாசல், இரட்டைக் கதவு.

இரண்டு நாள் அவள் கோலாலம்பூர் முழுக்கத் தேடிய இடம் அந்தப் பெட்டிக்குள் இருந்தது.

அவன் கிணற்று மூலையில் போய் நின்றான். ஜன்னலைப் பார்த்தான். கொஞ்சம் மேலே தூக்கினான். பச்சை நிறத்தில் ஒரு காய் பறந்து போய் மதிலில் பட்டு, உருண்டு, வாசலுக்குள் நுழைந்து வெடித்தது. அவன் நடந்து போய்த் தரையில் விழுந்த கரியைப் பார்த்தான். பிடிக்கவில்லை போல. திரும்பி வந்து அதே மூலையில் நின்று, அதே ஜன்னலைப் பார்த்து, மறுபடி எறிந்தான். மறுபடி போய்ப் பார்த்தான். எதிரி ஒருவனும் இல்லை. யாரும் சுடவில்லை. தனியாக ஒரு மனிதன் வெறும் தெருவில் எறிவதும் போய்ப் பார்ப்பதும் திரும்புவதுமாக இருந்தான். பதினோரு தரம் எறிந்ததை நேசம்மா எண்ணினாள்.

“கம்ப்யூட்டர் கேம் அக்கா” என்றான் நசீருதீன் மெதுவாக. “வெளாட்டு. அங்க அஞ்சு பேரு, இங்க அஞ்சு பேரு. பக்கத்து வரிசையில பசங்க கத்துறாங்கல்ல, அதுவும் இதுதான். நீங்க உக்காருங்க, முகமெல்லாம் வெளுத்துப் போச்சு. டீ சொல்றேன்.”

அவள் உட்காரவில்லை, விழுந்தாள், நல்லவேளை அங்கே நாற்காலி இருந்தது. அந்தச் சத்தத்துக்குத்தான் சிவசம்பு திரும்பினான். காதில் இருந்ததைப் பிடுங்கி எறிந்தான்.

“அக்கா? வீட்டிலை என்ன? ஆருக்கும் ஏதாவது…”

“உனக்குத்தான்” என்றாள். தேநீர் வந்து, பாதி குடித்த பிறகுதான் கொப்பியைப் பார்த்ததைச் சொன்னாள், மார்க்கிரட்டின் கடிதத்தைச் சொன்னாள், பதினோரு படி தேடியதைச் சொன்னாள். ஆனால் பேசினில் கரைத்ததை மட்டும் சொல்லவில்லை. அதைச் சொல்லப் புதிதாக ஒரு பயம் பிடித்துக்கொண்டது.

சிவசம்பு சிரிக்கவில்லை. ஜெயசீலன் பெயர் வந்ததும் தலையைக் குனிந்துகொண்டான்.

“ஏன் அக்கா என்னட்டை ஒரு வார்த்தை கேக்கேல்லை?”

“கேட்டா ஓம் எண்டு சொல்லிப்போடுவாய் எண்டு பயம்.”

பிறகு அவள் கேட்டாள். “விளையாட்டு எண்டா ஏன் ஒளிச்சனி?”

“முப்பது வயசிலை கேம் விளையாடுறன் எண்டு சொல்லவோ? முதலாளி ஒருக்கா ஆபீஸிலை பாத்திட்டார், அதுதான் தமிழிலை எழுதினது, பிறகு வீட்டிலை வச்சது.” அவன் குரலைத் தாழ்த்தினான். “போன மாசம் கிள்ளானிலை போட்டி. கடைசி ஆட்டம், ஜெயிக்கப்போற நேரம். நான் எறிஞ்ச குண்டு கதவு நிலையிலை பட்டுத் திரும்பி வந்து எங்கடை ஆக்கள் மூண்டு பேரையும் எடுத்துப்போட்டுது. எதிரியிலை ஒருத்தனுக்கும் ஒண்டும் இல்லை. எங்கடை ஆக்கள்தான். வாசு ரெண்டு கிழமை என்னோடை கதைக்கேல்லை. இப்ப கையிலை குண்டை எடுத்தாலே எனக்கு வேர்க்குது அக்கா. அதுதான் ஒவ்வொண்டா அளந்து, பழகி, எழுதி வச்சிருக்கிறன். நாளைக்கு அது இல்லாமல் என்னாலை ஏலாது.”

சொல்லிக்கொண்டே பைக்குள் கையை விட்டுக் கொப்பியை எடுத்தான். திறந்தான். இரண்டு பக்கம் புரட்டினான். தேவாரம்.

நேசம்மா தேநீர்க் கோப்பையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

“தம்பி, நான் அதைத் தோய்ச்சுப்போட்டன்.”

“என்னது?”

“பேசினிலை போட்டுக் கரைச்சுப்போட்டன். சாக்கடையிலை போட்டன்.”

சிவசம்பு கோபிக்கவில்லை. கோபித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவன் தேவாரக் கொப்பியை மூடி, மேசையில் நேராக வைத்து, அதன்மேல் நெற்றியை வைத்துக்கொண்டான். மூன்று மாத வேலை.

அந்த நேரம் பார்த்துக் கதவைத் தள்ளிக்கொண்டு வாசு வந்தான். சுபாங் ஜெயாவில் குளிர்சாதனம் பழுதுபார்க்கிறவன், வாய் ஓயாதவன். “என்னா சம்பு, நாளைக்கும் குண்டு நம்ம தலையிலதான் விழும்னு சாமி கும்பிடுறியா? சொல்லிடு, நான் வீட்டிலேயே இருக்கேன், டிவி பாக்கலாம்.” பிறகு நேசம்மாவைக் கண்டு, “வணக்கம் அக்கா” என்று குரலை மாற்றினான். நசீருதீன் அவன் காதில் ஏதோ சொன்னான். வாசு அவளைப் பார்த்தான், பிறகு சிவசம்புவின் பிடரியைப் பார்த்தான், பிறகு, “சோப்புப் போட்டா?” என்று மட்டும் கேட்டான்.

நேசம்மாவின் வாய் தானாக அசைந்தது.

“கிணற்றுக் கட்டின் இடது மூலையில் முதுகு ஒட்ட நில்” என்றாள். “எதிர் மாடியின் மூன்றாம் ஜன்னல், மேல் சட்டம். அதற்கு ஒரு விரல் மேலே பார்.”

சிவசம்பு தலையை நிமிர்த்தினான்.

“ரெண்டு. மரப்பெட்டிக்கு மேலே ஏறு. வளைவின் நடுக் கல்லைப் பார். ஒரு எட்டு முன்னுக்கு வைத்து எறி. படிக்குக் கீழே விழும். மூண்டு. சந்தின் இருட்டுப் பக்கம்…” அவள் கண்ணை மூடிக்கொண்டாள். மூடினால்தான் வரிகள் தெரிந்தன. கடிதம் தட்டுகிற பெண், இருபத்திரண்டு வருஷம் அடுத்தவர் எழுதியதைப் பார்த்துப் பார்த்து அடித்த கண். அதோடு பயமும் சேர்ந்தால் எழுத்து எங்கே போகும். நாற்பத்தொன்றும் இருந்தது, வெட்டிய வெட்டோடு இருந்தது.

“பொறுங்கோ அக்கா, பொறுங்கோ” என்று அவன் கேட்பானை ஒரு காதில் மாட்டிக்கொண்டு கிணற்று மூலைக்கு ஓடினான். அவள் சொன்னாள். அவன் எறிந்தான். விழுந்தது. “சரி” என்றான் வாசு. அடுத்தது. விழுந்தது. ஒவ்வொரு வெடிப்புக்கும் நேசம்மா தோளைக் குலுக்கினாள், ஆனால் நிறுத்தவில்லை. பத்தொன்பதாவது எறி கதவு நிலையில் பட்டுத் திரும்பி வந்தது. கிள்ளானில் நடந்த அதே இடம். சிவசம்புவின் கை நின்றுவிட்டது.

“மூண்டு விநாடி பிடிச்சாய்” என்றாள் நேசம்மா, கண்ணைத் திறக்காமல். “அது வெட்டினது. ரெண்டரை.”

மறுபடி எறிந்தான். உள்ளே போனது.

மத்தியானம் இரண்டு மணிக்கு முடிந்தது. நசீருதீன் கூடுதல் நேரத்தைக் கண்டுகொள்ளவில்லை. சிவசம்பு ஒரு புதுக் கொப்பியும் பேனாவும் வாங்கி வந்தான். “எழுதித் தாங்கோ அக்கா. இல்லாட்டி நீங்கள் சொல்லுங்கோ, நான் எழுதுறன்.”

“எழுத மாட்டன். நீயும் எழுதக் கூடாது.”

“கேம்தானே அக்கா.”

“உனக்கும் எனக்கும் கேம். தாளிலை கிடந்தா ஆர் எடுத்துப் பாக்கிறானோ, அவனுக்கு என்ன தெரியும்? குண்டு எண்டு எழுதி, ஊர் பேர் எழுதி, மணி எழுதி. ஏலாது. கேக்கிறதெண்டா கேள், வாயாலை சொல்லுறன்.”

“நாளைக்கு?”

அதை அவள் யோசித்திருக்கவில்லை. ஆனால் ஏலாது என்றும் சொல்ல வரவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை வாசுவின் வேனில், பழுதான குளிர்சாதனப் பெட்டிகளுக்கு நடுவே உட்கார்ந்து நேசம்மா சுபாங் ஜெயாவுக்குப் போனாள். வாசல் தாழ்ப்பாளை மூன்று தரம் தொட்டுப் பார்த்துவிட்டுத்தான். ஒரு பெரிய கடைத்தொகுதியின் நடுக் கூடத்தில் மேசைகள் போட்டிருந்தார்கள். எல்லாம் இளவட்டம், இரைச்சல். சீனப் பையன் ஒருவன் இவளைக் காட்டி இது யார் என்று கேட்டதற்கு, “கோச்” என்றான் வாசு. கேட்டவன் சேலையையும் திருநீற்றையும் பார்த்துவிட்டு, இரண்டடி தள்ளி நின்று வணக்கம்போல் தலையை ஆட்டினான்.

அவள் சிவசம்புவின் நாற்காலிக்குப் பின்னால் நின்றுகொண்டாள். நாற்காலி முதுகை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். முதல் ஆட்டத்தில் வென்றார்கள். இரண்டாவதிலும் வென்றார்கள். மூன்றாவதில் கடைசிச் சுற்று, வாசுவும் மற்ற இருவரும் கதவோரம் காத்து நின்றார்கள், உள்ளே எதிரிகள். சிவசம்புவின் பிடரியில் வேர்வை ஓடுவதை அவள் பார்த்தாள். பிறகு கண்ணை மூடிக்கொண்டாள்.

“பத்தொன்பது” என்றாள் அவன் காதருகே. “கதவு நிலைக்கு நாலு விரல் இடக்கைப் பக்கம். ரெண்டரை.”

வெடித்தது. கூடம் முழுக்கக் கத்தினார்கள். யார் கத்துகிறார்கள், எதற்குக் கத்துகிறார்கள் என்று அவளுக்குத் தெரியவில்லை. கட்டிலுக்குக் கீழே கிடந்தபோதும் இப்படித்தான் சத்தம் மட்டும் கேட்டது. அவள் கண்ணைத் திறக்கவில்லை.

“தம்பி, எங்கடை ஆக்கள்?”

“நிக்கினம் அக்கா.”

“மூண்டு பேருமோ?”

“மூண்டு பேரும் நிக்கினம். கண்ணைத் திறந்து பாருங்கோ.”

அவள் திறந்து பார்த்தாள். வாசுவும் மற்ற இருவரும் பெட்டிக்குள் புகைக்கு நடுவே நின்றார்கள், மேசையில் பக்கத்து நாற்காலிகளிலும் இருந்தார்கள். ஒவ்வொருவராக எண்ணினாள். எண்ணி முடித்ததும் மறுபடி நாற்காலியை இறுகப் பிடித்துக்கொண்டு, “அடுத்தது எங்கை நிக்கிறாய், சொல்லு” என்றாள்.